தணிக்கை மேசையில் தப்பிய குரல்கள்

முதல் உலகப் போரின்போது பிரான்ஸ் போர்முனையிலிருந்து ஊருக்குப் போன சில கடிதங்களில் மளிகைக் கணக்கு அடிபடுகிறது: மிளகு எவ்வளவு செலவானது, மிளகாய் எவ்வளவு மிச்சம் என்று. மிளகு, இந்தியச் சிப்பாய். மிளகாய், வெள்ளைக்காரச் சிப்பாய். சாவுக் கணக்கைத் தணிக்கைக்குத் தெரியாமல் சொல்லச் சிப்பாய்கள் கண்ட வழி இது. ஆனால், தணிக்கையாளருக்கும் அது புரிந்துவிட்டது. புரிந்து, படியெடுத்து வைத்ததால்தான் இன்று நாமும் படிக்கிறோம்.

புரட்சிப் பிரசுரங்கள் படைக்குள் நுழைந்துவிடும் என்ற அச்சத்தில் 1914-இல் தொடங்கியது இந்தியத் தபால் தணிக்கை. பிரான்சின் பூலோன் துறைமுக நகரில் ஹோவெல் என்ற ஐ.சி.எஸ். அதிகாரியின் தலைமையில் அந்த அலுவலகம் இயங்கியது. படையின் மனநிலையை அறிய, கடிதப் பகுதிகளை ஆங்கிலமாக்கி அறிக்கையோடு மேலிடத்துக்கு அனுப்பினார்கள். பிரிட்டிஷ் நூலகத்தில் உள்ள அந்தக் கோப்புகளிலிருந்து 600-க்கும் மேற்பட்ட கடிதங்களைத் தொகுத்து, 1999-இல் நூலாக்கினார் வரலாற்றாசிரியர் டேவிட் ஒமிசி.

இவற்றைச் சிப்பாயின் சொந்தக் குரல் என்று கொள்ளலாமா? எழுதப் படிக்கத் தெரியாத பலர் சொல்லச் சொல்ல வேறொருவர் எழுதினார். மொழிபெயர்ப்பாளர் தனக்குத் தேவையானதை மட்டும் எடுத்துக்கொண்டார். மூலக் கடிதங்களில் பெரும்பாலானவை இன்று இல்லை. இத்தனை கைகள் பட்டும் எவ்வளவு மிஞ்சியிருக்கிறது என்று பார்ப்பதே ஒமிசியின் அணுகுமுறை.

மிஞ்சியது கொஞ்சமல்ல. உப்பிட்ட அரசருக்காக உயிர் கொடுப்பது பெருமை என்று எழுதும் படைதான், தம்பியைப் பட்டாளத்தில் சேர விடாதீர்கள் என்றும் எழுதுகிறது. பிரெஞ்சுப் பெண்கள் வயலையும் கடையையும் நிர்வகிப்பதைப் பார்த்தவர்கள், நம் பெண்பிள்ளைகளைப் படிக்கவைக்க வேண்டும் என்கிறார்கள். இங்கிலாந்தின் பிரைட்டன் மருத்துவமனையில் கிடந்தவர்கள் சிகிச்சையைப் புகழ்கிறார்கள். வெளியே போக விடாத காவலை நொந்துகொள்கிறார்கள். காயம் ஆறியவர்களை மறுபடி போர்முனைக்கு அனுப்புவது குறித்த குமுறல் தனி.

இந்தத் தொகுப்புக்கு ஓர் எல்லை உண்டு. பிரான்ஸ், பெல்ஜியம் களங்களுக்குச் சென்ற இந்தியர்கள் ஏறத்தாழ 1.38 லட்சம் பேர். அவர்களில் பெரும்பாலோர் வட இந்தியர், கூர்க்காக்கள். கடல் கடந்த மொத்த இந்தியர்களோ 10 லட்சத்துக்கும் மேல். பாளையங்கோட்டையின் பெயர் தாங்கிய 63-ஆவது காலாட்படை 1914 நவம்பரில் கிழக்கு ஆப்பிரிக்காவின் டாங்காவில் தோல்வியைச் சந்தித்தது. அதன் சிப்பாய்கள் பயந்து ஓடினார்கள் என்று பழி விழுந்தது. அவர்கள் தரப்பைத் தேட பூலோன் கோப்புகள் உதவா. அங்கே படிக்கப்பட்டது பிரான்ஸ் களத்தின் தபால். யாருடைய குரல் வரலாற்றில் ஏறும் என்பதை அரசின் சந்தேகம் எங்கே விழுந்தது என்பதும் தீர்மானித்திருக்கிறது.

பிரான்சிலுள்ள நூவ் ஷபெல் நினைவகத்தில் கல்லறை அறியப்படாத 4,700-க்கும் மேற்பட்ட இந்தியர்களின் பெயர்கள் பொறிக்கப்பட்டுள்ளன. அவர்களை ராஜ விசுவாசிகள் என்று கொண்டாடவும், ஏகாதிபத்தியத்தின் கூலிப்படை என்று ஒதுக்கவும் இங்கே ஆள் உண்டு. இரு தரப்பும் இக்கடிதங்களில் தமக்குச் சாதகமான வரியை மட்டும் உருவிக்கொள்ளலாம். சம்பளத்துக்கும் மானத்துக்கும் நடுவே, அந்நியர் வாசிக்கிறார் என்று தெரிந்தே எழுதிய மனிதர்களைப் புரிந்துகொள்ள, கடிதத்தை முழுதாகப் படிக்கும் பொறுமை வேண்டும்.