மருந்துக் கடைக்கு வராத எச்சரிக்கை

பூந்தமல்லியிலிருந்து பெங்களூரு நெடுஞ்சாலையில் ஸ்ரீபெரும்புதூரைக் கடந்து சென்றால் சுங்குவார்சத்திரம் வரும். அங்கு இயங்கிய ஸ்ரீசன் பார்மாசூட்டிகல்ஸ் நிறுவனம் தயாரித்த 'கோல்ட்ரிஃப்' இருமல் மருந்தைக் குடித்து, 2025-ஆம் ஆண்டில் மத்தியப் பிரதேசத்தின் சிந்த்வாரா வட்டாரத்தில் 20-க்கும் மேற்பட்ட குழந்தைகள் சிறுநீரகம் செயலிழந்து இறந்தனர். டைஎத்திலீன் கிளைகால் என்னும் நச்சுப்பொருள் அம்மருந்தில் 48.6 சதவீதம் கலந்திருந்தது. ஏற்கத்தக்க உச்ச வரம்பு 0.1 சதவீதம் மட்டுமே.

அக்டோபர் 1-ஆம் தேதி மத்தியப் பிரதேச அரசிடமிருந்து தகவல் கிடைத்ததும், தமிழ்நாடு மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை விடுமுறை நாளென்றும் பாராமல் ஏறத்தாழ ஒரே நாளில் சோதித்து நஞ்சைக் கண்டறிந்தது. ஆனால், குழந்தைகளின் இறப்பு செப்டம்பரிலேயே தொடங்கிவிட்டது. சோதனைக்கு ஒரு நாள் போதுமெனில், இடைப்பட்ட வாரங்களில் இல்லாதது ஆய்வக வசதியன்று; உரிய இடத்துக்கு உரிய நேரத்தில் சென்று சேரும் தகவல்தான்.

இன்னொரு தகவலும் சென்று சேரவில்லை. குளோர்பெனிரமின், பினைலெப்ரின் ஆகியவை சேர்ந்த கூட்டு மருந்தை நான்கு வயதுக்கு உட்பட்டோருக்குத் தரக்கூடாது என்று புட்டியிலேயே அச்சிட வேண்டும் என மத்தியக் கட்டுப்பாட்டு அமைப்பு 2023 டிசம்பரில் அறிவுறுத்தியது. கோல்ட்ரிஃப் அத்தகைய கூட்டு மருந்துதான். இறந்தவர்களில் பெரும்பாலோர் ஐந்து வயதுக்கு உட்பட்டவர்கள்.

விற்பவருக்குத் தெரிந்தது வாங்குபவருக்குத் தெரியாத சந்தையில் தரமற்ற சரக்கு நல்ல சரக்கை வெளியேற்றிவிடும் என்று பழைய கார் விற்பனையை எடுத்துக்காட்டி 1970-இல் விளக்கினார் பொருளியலறிஞர் ஜார்ஜ் அகெர்லாஃப். பழைய காரையாவது மெக்கானிக்கிடம் காட்டலாம். மருந்துப் புட்டியை யாரிடம் காட்டுவது? மலிவான, மருந்துத் தரமற்ற கரைப்பானைப் பயன்படுத்துபவர் விலையைக் குறைத்து விற்க முடியும். அந்த வேறுபாடு தாய்க்கும் தெரியாது, கடைக்காரருக்கும் தெரியாது. இதே நச்சுப்பொருளால் 1937-இல் அமெரிக்காவில் நூற்றுக்கும் மேற்பட்டோர் இறந்தனர். மறு ஆண்டே அங்குக் கடுமையான சட்டம் வந்தது. இங்கோ 1972-இல் சென்னையிலும், 1986-இல் மும்பையிலும் உயிர்கள் பறிபோன பின்னும் அவலம் தொடர்கிறது.

தரமற்றவை எனக் கண்டறியப்பட்ட மருந்துகளின் பெயர், 'பேட்ச்' எண், தயாரிப்பாளர் விவரங்களை மத்திய மருந்துத் தரக் கட்டுப்பாட்டு அமைப்பு மாதந்தோறும் இணையத்தில் வெளியிடுகிறது. அம்பத்தூரிலும் ஆவடியிலும் என் வயதை ஒத்த நண்பர்கள் பலர் இரத்த அழுத்தத்துக்கும் நீரிழிவுக்கும் நாள்தோறும் மாத்திரை உட்கொள்கின்றனர். அந்த ஆங்கிலப் பட்டியலைப் பார்த்ததாக அவர்களில் ஒருவர்கூட என்னிடம் கூறியதில்லை.

இவற்றைப் பரவலாக அறிவித்தால் மக்கள் அஞ்சி மருந்தையே நிறுத்திவிடுவர் என்னும் வாதத்தைப் புறந்தள்ள முடியாது. பட்டியலில் இடம்பெறுவது குறிப்பிட்ட ஒரு 'பேட்ச்' மட்டுமே. அந்த மருந்து முழுவதும் அன்று. மாத்திரை உரிய நேரத்தில் கரையாததும் தரக் குறைபாடே. நஞ்சு கலந்ததும் தரக் குறைபாடே. இரண்டும் ஒன்றல்ல. ஆகவேதான், குறை என்ன, மாத்திரையை நிறுத்தாமல் எவ்வாறு மாற்றிக்கொள்வது என்பதை எளிய தமிழில் விளக்குவது அரசின் கடமையாகிறது.

இதற்குப் பெருஞ்செலவு ஆகாது. மாதந்தோறும் ஒரு பக்கத் தமிழ் அறிவிப்பை ஒவ்வொரு மருந்துக் கடையிலும், ஆரம்ப சுகாதார நிலையத்திலும் ஒட்டலாம். எல்லா ரசீதுகளிலும் 'பேட்ச்' எண் இருப்பதை உறுதிசெய்யலாம். 2023 ஆகஸ்ட் முதல் 300 மருந்து வணிகப் பெயர்களுக்குக் கட்டாயமாக்கப்பட்ட கியூஆர் குறியீட்டை, குழந்தைகளுக்கான திரவ மருந்துகள் அனைத்துக்கும் உடனடியாக விரிவுபடுத்தலாம். ஆலையில் கண்காணிப்பு தவறினாலும், கடையில் கிடைக்கும் ஓர் எச்சரிக்கை ஒரு குழந்தையைக் காப்பாற்றக்கூடும். சுங்குவார்சத்திரம் அமைந்துள்ள தமிழ்நாடே இதைத் தொடங்கிவைக்க வேண்டும்.