பசுவுக்கு உறவான மீன்

1979ஆம் ஆண்டில் 'நேச்சர்' இதழில் ஒரு வழக்கு நடந்தது. சால்மன், நுரையீரல் மீன், பசு: இம்மூன்றில் நெருங்கிய உறவு எவ்விரண்டுக்கு? முதலிரண்டுக்கு என்றுதான் எவரும் சொல்வர். இரண்டும் நீரில் வாழ்பவை; செதிலும் துடுப்பும் உடையவை. ஆயின் நுரையீரல் மீனும் பசுவுமே நெருங்கிய உறவு என்று ஒரு சாரார் வாதிட்டனர். இன்று உயிரியலில் நிலைபெற்றிருப்பது அவர்கள் கட்சியே. நம் தமிழ் அறிவியல் எழுத்தில் மட்டும் மீன் என்பது இன்னும் ஏணியின் கீழ்ப்படியாகவே இருந்து வருகிறது.

எலும்பு மீன்கள் இரு பெருங்கிளையின. மத்தி, வஞ்சிரம், கெண்டை, விலாங்கு என நாம் உண்பவற்றுள் பெரும்பாலானவை கதிர்த்துடுப்புக் கிளையைச் சார்ந்தவை. 30,000க்கும் மேற்பட்ட இனங்கள். மற்றது சதைத்துடுப்புக் கிளை. அதன் முன்துடுப்பு ஒற்றை எலும்பால் தோளோடு இணைகிறது; நம் மேற்கை எலும்பும் அதன் வழிவந்ததே. இக்கிளையில் மீனுருவில் எஞ்சியவை நுரையீரல் மீன்கள் ஆறும் சீலகாந்த் இரண்டும் ஆக எட்டே இனங்கள். தவளையும் பல்லியும் மயிலும் பசுவும் நாமும் அக்கிளையில் பிற்காலத்தே துளிர்த்தவர்கள்.

உருவ ஒப்புமையை நம்பியவர்கள் பட்ட பாடு சிறிதன்று. தென்னமெரிக்க நுரையீரல் மீனுக்கு 1837இல் பெயரிட்ட ஃபிட்ஸிங்கர் அதனை ஊர்வனவற்றுள் சேர்த்தார். 'முரண்' என்று பொருள்படும் சொல்லையே அதன் பெயரில் வைத்தார். ஆப்பிரிக்க இனத்தை 1839இல் ஆராய்ந்த ரிச்சர்ட் ஓவன் அது மீனே என்றார். 1870இல் ஆஸ்திரேலிய இனத்தை விவரித்த கிரெஃப்ட், நீரிலும் நிலத்திலும் வாழும் தவளைக் கூட்டத்தில் வைத்தார். மூவரும் தேர்ந்த அறிஞர்கள். எந்த ஒற்றுமையை உறவுக்குச் சான்றாகக் கொள்வது என்ற நெறி அன்று வகுக்கப்படவில்லை.

அந்நெறியை 1950இல் தெளிவுற வகுத்தவர் ஜெர்மானியரான வில்லி ஹென்னிக். சுவடிப் பதிப்பு அறிந்த நம் வாசகர்க்கு அது புதிதாய் இராது. இரண்டு ஏடுகளில் மூலபாடம் சிதையாமல் இருந்தால் அவை ஒரே படியிலிருந்து பெயர்க்கப்பட்டவை என்று சொல்ல முடியாது. எல்லா ஏடுகளிலும் அது இருந்திருக்கக்கூடும். இரண்டிலும் ஒரே இடத்தில் ஒரே பிழை புகுந்திருப்பின் அதுவே உறவுக்குச் சான்று. செதிலும் துடுப்பும் மூலபாடம் போன்றவை. பசுவின் மரபில் அழிந்தன, சால்மனில் நிலைத்தன. தோளில் இணையும் அந்த ஒற்றை எலும்போ இடையில் புகுந்த பாடபேதம். ஏட்டில் அது பிழை, உடலில் அது புதுமை, வேறுபாடு அவ்வளவே. இத்தகைய பாடபேதங்கள் பல சேர்ந்துதான் நுரையீரல் மீனைப் பசுவின் பக்கம் நிறுத்துகின்றன.

சீலகாந்த் பற்றி எழுதுவோர் இந்நெறியைக் கைவிட்டுக் கதையில் மயங்குகின்றனர். கதை மயக்குவதுதான். 1938 டிசம்பரில் தென்னாப்பிரிக்காவின் ஈஸ்ட் லண்டன் துறைமுகத்தில், இழுவலைப் படகின் குவியலிலிருந்து நீலச்சாயல் கொண்ட அந்த மீனைக் கண்டெடுத்தவர் அருங்காட்சியகப் பொறுப்பாளர் மார்ஜோரி கோர்ட்னி-லாட்டிமர். ஏறத்தாழ 6 கோடியே 60 லட்சம் ஆண்டுகளுக்கு முன்பே அற்றுப்போனது என்று அறிவுலகம் எழுதி முடித்திருந்த வகை அது. கொமோரோத் தீவு மீனவர்களோ அதனைக் கொம்பெஸ்ஸா என்று பெயர் சொல்லி அறிந்திருந்தனர். உடனே 'வாழும் புதைபடிவம்', 'நம் மூதாதை' என்ற பட்டங்கள் வந்து ஒட்டிக்கொண்டன. இரண்டாவது பட்டம் முற்றிலும் பிழை. இன்று நீந்தும் உயிர் எதுவும் நமக்கு மூதாதை ஆகாது, ஒன்றுவிட்ட உறவாகலாம். 2013இல் வெளியான சீலகாந்தின் மரபணுத்தொகுதி ஆய்வு, நமக்கு அதைவிட நுரையீரல் மீனே நெருங்கியது என்று காட்டிற்று.

மீன் என்ற சொல்லை ஒழிக்க வேண்டுமா எனில், வேண்டா. வானத்து ஒளியையும் தமிழ் மீன் என்றே அழைத்தது. சொல்லுக்குத் தன் வழி உண்டு. சந்தைக்கும் செய்யுளுக்கும் அது போதும். வகைப்பாட்டைக் கற்பிக்கையில் மட்டும் அதனை ஒரு குலத்தின் பெயராகக் கொள்ளலாகாது. பிறப்புவழி நோக்கித் திமிங்கிலத்தை மீன் கூட்டத்திலிருந்து விலக்கிய நாம், அதே வழியில் நுரையீரல் மீனை நம் பக்கம் அழைக்க ஏன் தயங்குகிறோம்? மீன், தவளை, பல்லி, மனிதன் என்று படிப்படியாய் ஏறும் அந்த ஏணிப் படத்தை வகுப்பறைகளிலிருந்து அகற்றி, கிளை விரிந்த மரமொன்றை வரைந்து மாட்டலாம். எட்டு இனங்களே உள்ள அந்த மெல்லிய கொப்புகள் நம் கொப்பிற்கு அருகிலும், மத்தியும் வஞ்சிரமும் தொலைவிலும் இருக்கும்.