பரிசீலித்தோம், நிராகரித்தோம்

ஓய்வூதியப் பாக்கிக்காகவும் கருணை அடிப்படையிலான வேலைக்காகவும் பட்டாவுக்காகவும் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடுபவர்களில் பலருக்குக் கிடைப்பது ஒரே மாதிரியான உத்தரவு: மனுவைப் பரிசீலித்து இத்தனை வாரத்துக்குள் முடிவெடுக்க வேண்டும். கெடு முடிந்தும் அலுவலகத்தில் ஒன்றும் நடக்காது. அவமதிப்பு வழக்குத் தாக்கலாகி, அதிகாரிக்கு நோட்டீஸ் போன பிறகுதான் கோப்பு நகரும். அடுத்த விசாரணைக்குள் ‘பரிசீலித்தோம், நிராகரித்தோம்’ என்று ஓர் ஆணை தயாராகிவிடும். கூடவே, தாமதத்துக்கு நிபந்தனையற்ற மன்னிப்பு. அத்துடன் வழக்கு முடித்துவைக்கப்படும். வயதான மனுதாரர் மறுபடியும் புது ரிட் மனுவுக்கு வக்கீலைத் தேட வேண்டும்.

வழக்கை இப்படி முடித்துவைப்பதில் சட்டப்படி பிழையில்லை. அப்படிப் பிறப்பித்த ஆணை சரியா தவறா என்பதை அவமதிப்பு வழக்கில் ஆராய முடியாது, அதற்குத் தனி வழக்குதான் வழி என்று ஜே.எஸ். பரிஹார் வழக்கில் 1996-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. மூல உத்தரவில் இல்லாத எதையும் அவமதிப்பு நீதிமன்றம் புதிதாகச் சேர்க்கக் கூடாது என்பதை, சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து சென்ற ஓ.என்.ஜி.சி. வழக்கில் 2014-இல் மீண்டும் வலியுறுத்தியது. நிதித் துறைச் செயலாளரையே காவலில் வைத்த அலகாபாத் உயர் நீதிமன்றத்தின் உத்தரவை 2024 ஜனவரியில் ரத்து செய்து, அதிகாரிகளை நேரில் அழைப்பதற்கு நெறிமுறையும் வகுத்தது.

இந்த எல்லைகளை நாம் ஏற்கிறோம். அவமதிப்பு அதிகாரம் ஒருவரைச் சிறைக்கு அனுப்பக்கூடியது. வேண்டுமென்றே மீறினார் என்பது தெளிவாக நிரூபணமாக வேண்டும். நீதிபதியின் கோபத்தால் ஒரு துறையை நடத்தவும் முடியாது.

ஆனால் நேர்மையாகத் தடுமாறிய அதிகாரியைக் காக்க வந்த எல்லைக்குள், கெடு முழுவதும் கைகட்டி உட்கார்ந்திருந்தவர் ஒளிந்துகொள்வது அப்பட்டமான மோசடி. அவமதிப்பு நோட்டீஸ் வந்த பிறகே மேல்முறையீட்டை நினைத்துக்கொள்ளும் அரசுத் துறைகளுக்கும் இதே தீர்ப்புதான். மேல்முறையீடு செய்துவிட்டால் மட்டும் தடை கிடைத்துவிடாது என்பது அவர்களுக்குத் தெரியாததல்ல. அந்த மேல்முறையீட்டின் செலவும் மக்கள் பணம்.

சட்டமும் இவர்களுக்கு மென்மையாகவே இருக்கிறது. 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் வைத்த அபராத உச்சவரம்பு 2,000 ரூபாய் இன்றும் அப்படியே நிற்கிறது. அயோத்தியில் கட்டுமானம் நடக்காது என்று உச்ச நீதிமன்றத்துக்குத் தந்த உறுதியைக் காக்காத உத்தரப் பிரதேச முன்னாள் முதலமைச்சர் கல்யாண் சிங்குக்கு 1994-இல் கிடைத்தது ஒரு நாள் சிறையும் அதே 2,000 ரூபாயும்தான். மனுதாரருக்கு மட்டும் கண்டிப்பு அதிகம்: மீறல் நடந்த ஓராண்டுக்குள் அவர் நீதிமன்றத்துக்கு வந்துவிட வேண்டும். அலுவலகத்துக்கு நினைவூட்டுக் கடிதம் எழுதியே அந்த ஓராண்டைத் தொலைப்பவர்கள் ஏழைகளே.

அவமதிப்பு அதிகாரத்தை விரிக்கச் சொல்லவில்லை. உண்மைகளில் தகராறு இல்லாத வழக்குகளில் ‘பரிசீலியுங்கள்’ என்று திருப்பி அனுப்பாமல், என்ன கொடுக்க வேண்டும், எந்தத் தேதிக்குள் என்று உயர் நீதிமன்றங்கள் முதல் உத்தரவிலேயே எழுதட்டும். கெடுவைக் காரணமின்றிக் கடத்திய அதிகாரியின் பணிப்பதிவேட்டில் அது ஏற வேண்டும். அவமதிப்பு மனுவுக்கு மனுதாரர் செலவழித்த பணத்தை அரசு அந்த அதிகாரியின் சம்பளத்தில் பிடித்துக் கொடுக்க வேண்டும்.