நாசகாரி பிறக்கும் விதம்

அண்மையில் மாணவர் சிலருடன் பேராதனைப் பூந்தோட்டத்தில் உலாவி வந்தோம். மகாவலி கங்கை வளைந்து அணைத்தோடும் அத்தோட்டத்திலேதான் 1944ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் மவுண்ட்பேட்டன் பிரபுவின் தென்கிழக்காசியப் படைத் தலைமையகம் இயங்கியது என்று கூறினோம். “கடல் இல்லாத கண்டியிலே கடற்படைத் தளபதிக்கு என்ன வேலை, ஐயா?” என்று ஒரு மாணவன் கேட்டான். மலைநாட்டுக்கு வருமுன் அவர் நாசகாரிக் கப்பலொன்றின் தலைவராயிருந்தவர் என்றோம். “நாசகாரி என்றால் என்ன?” என்ற வினா உடனே எழுந்தது. அதற்கு நாம் அன்று கூறிய விடையையே இங்குச் சற்று விரித்துரைக்கின்றோம்.

1866ஆம் ஆண்டில் ராபர்ட் வைட்ஹெட் என்ற ஆங்கிலப் பொறியியலாளர், நீருக்கடியில் தானே ஓடிச் சென்று வெடிக்கும் டார்பிடோவை அமைத்தார். அதன் பின்னர், சின்னஞ்சிறு படகொன்று மாபெரும் போர்க்கப்பலையும் கவிழ்த்துவிடலாம் என்ற நிலை உண்டாயிற்று. அப்படகுகளைத் துரத்தி அழிக்கவே விரைவு மிக்க புதுக் கப்பல் வேண்டப்பட்டது. 1893இல் பிரித்தானியாவில் வெள்ளோட்டம் கண்ட ‘ஹவோக்’ அவ்வகையின் முன்னோடிகளுள் ஒன்று. அதன் எடை முந்நூறு தொன்னையும் எட்டவில்லை. டார்பிடோப் படகை நாசஞ்செய்வது என்ற நீண்ட பெயர், நாளடைவில் நாசகாரி எனச் சுருங்கிற்று.

மவுண்ட்பேட்டனின் ‘கெல்லி’ ஏறத்தாழ 1,700 தொன் எடையுள்ளது. 1937 ஆகஸ்டில் டைன் நதிக்கரையில் அடிக்கட்டை இடப்பெற்று, ஈராண்டுகளில் சேவைக்கு வந்தது. பழைய கப்பல்களில் விலா எலும்புகள் போன்ற குறுக்குச் சட்டங்கள் நெருக்கமாக நிற்கும். கெல்லியின் வகுப்பிலோ, கப்பலின் நீளப்போக்கில் ஓடும் சட்டங்களே உடலின் பலத்தைத் தாங்கின. 1940 மே மாதம் வட கடலில் டார்பிடோ அதன் விலாவைப் பிளந்தது. ஆயினும் கப்பல் இரண்டாக முறியவில்லை. நான்கு நாட்கள் வரை இழுக்கப்பட்டுக் கரை சேர்ந்தது. எனினும் 1941 மே 23ஆம் தேதி கிரீட் தீவருகே ஜெர்மன் விமானங்கள் குண்டெறிந்தபோது கவிழ்ந்து மூழ்கிற்று. மாலுமிகள் நூற்றுவருக்கு மேல் மாண்டனர்.

நம் நாட்டுக் கடலிலும் இதே கதை நிகழ்ந்தது. 1942 ஏப்ரல் 9ஆம் தேதி, விமானந்தாங்கியான ‘ஹெர்மிஸ்’ஸும் துணைவந்த ஆஸ்திரேலிய நாசகாரியான ‘வம்பயர்’உம் ஜப்பானிய விமானங்களால் மட்டக்களப்புக்கு அப்பால் மூழ்கடிக்கப்பட்டன. உறுதியான உடல் மட்டும் போதாது, வானத்தையும் காக்க வேண்டும் என்பது கற்றறிந்த பாடமாயிற்று.

இன்றைய நாசகாரி அப்பாடத்தைச் சுற்றியே கட்டப்படுகின்றது. பம்பாய் மசகான் கப்பற்றளத்தில் உருவான இந்தியக் கப்பல் ‘சென்னை’யைக் காண்போம். நீளம் 164 மீற்றர். எடை சுமார் 7,500 தொன். நான்கு வாயுச் சுழலிகள் அதை முப்பது கடல்மைலுக்கு மேற்பட்ட வேகத்தில் செலுத்த வல்லன. நாற்புறமும் பார்க்கும் அசையாத ரேடார் முகங்கள் வானைக் காவல் செய்கின்றன. விமானத்தை எதிர்க்கும் ஏவுகணைகள் முப்பத்திரண்டு, தளத்தினுள் செங்குத்தாக நிற்கின்றன. எதிரியின் ரேடார் அலைகள் வந்த வழியே திரும்பாதவாறு சுவர்கள் சாய்வாக அமைந்துள்ளன.

இதன் அடிக்கட்டை 2006இல் இடப்பெற்றது. 2010 ஏப்ரலில் நீரில் இறங்கியது. ஆனால் சேவையில் சேர்ந்தது 2016 நவம்பர் 21ஆம் தேதியன்றுதான். உடல் மிதந்த பின்னும் ஆறாண்டுகள் கழிந்தமை கண்டு வியக்க வேண்டா. கம்பிகளையும் குழாய்களையும் இணைத்து, கருவிகளைப் பொருத்தி, ஒவ்வொன்றையும் கடலிற் சோதிப்பதே நெடும்பணி. சில ஏவுகணைகள் கப்பலுடன் கூடவே ஆக்கப்பட்டு வந்தன. கண் இருந்தும் கை வருமட்டும் காத்திருக்க நேர்ந்தது!

கடலே இல்லாத ஊர் என்று கண்டியை எண்ணும் மாணவர்க்கு ஒரு வார்த்தை. தோட்டத்தைச் சுற்றிய கங்கை, இறுதியில் திருகோணமலை அருகே கொட்டியாரக் குடாவிற் கலக்கின்றது. அக்கப்பலை வரைந்தோரும் நும்மைப்போற் கணக்கும் பௌதிகமும் பயின்றவர்களே. சட்டம் எந்தப் போக்கில் ஓட வேண்டும் என்ற ஒரு கணக்கு சரியாயிருந்தமையால், 1940இல் பலர் உயிரோடு வீடு திரும்பினர். வகுப்பில் விடை பிழைத்தால் மதிப்பெண் போகும். அங்குப் பிழைத்தால் போவது எது என்பதை நினைந்து படியுங்கள்.