பறித்த பூ யாருடையது?

தில்லியில் தரைத்தளத்தில் குடியிருக்கும் நம்மவர்கள் இரண்டு பேர் சந்தித்துக்கொண்டால், தண்ணீர் வரவில்லை என்ற புலம்பலுக்கு அடுத்தபடியாக வருவது பூத்திருட்டுப் பேச்சுதான். விடியற்காலை ஐந்து மணிக்கு நடைப்பயிற்சி என்ற பெயரில் கையில் பிளாஸ்டிக் பையோடு கிளம்புகிறவர்கள், வழியிலுள்ள செம்பருத்தி, அரளி, நந்தியாவட்டை ஒன்றையும் விட்டுவைப்பதில்லை. மொட்டுக்கூடத் தப்புவதில்லை. கடைத்தேங்காயை எடுத்து வழிப்பிள்ளையாருக்கு உடைத்த கதை என்று நாமும் சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டோம். சென்ற மாதம் சங்கத்தில் ஒரு நண்பர், தம் வீட்டு மதில்மேல் கண்ணாடித் துண்டு பதிக்கப் போவதாகச் சொன்னார். விளையாட்டுக்குச் சொல்லவில்லை. கொத்தனாரிடம் பேசியும் விட்டாராம். அதைக் கேட்டதிலிருந்து இதை எழுத வேண்டும் என்று மனம் அரித்துக்கொண்டே இருந்தது. ஏனென்றால் நானும் ஒரு காலத்தில் அவரைப் போலத்தான் இருந்தேன்.

1998-இல் ராமகிருஷ்ணபுரத்தில் எங்களுக்கு ஓர் அரசாங்கக் குடியிருப்பு கிடைத்தது. தரைத்தளம். முன்புறம் இருபதடிக்குப் பதினைந்தடி மண். மண் என்று சொல்வது மரியாதைக்காக. கொத்தினால் செங்கல் துண்டும் சுண்ணாம்புக் காரையுமாகத்தான் வந்தது. பக்கத்துக் கிராமத்து மாட்டுக் கொட்டிலிலிருந்து மூட்டை மூட்டையாகச் சாணி எரு கொண்டுவந்து போட்டு, இரண்டு வருஷம் போராடிய பிறகுதான் மண்புழு கண்ணில் பட்டது. ஊரில் விதையைத் தூவிவிட்டுத் திரும்பிப் பார்த்தால் முளைத்திருக்கும். இங்கே மே மாதம் நாற்பத்தைந்து டிகிரியில் லூ காற்று அடித்துக் கருக்கும். ஜனவரிப் பனியில் துளசி கறுத்துப் போகும். கறிவேப்பிலை மொட்டையாக நிற்பதைப் பார்த்து முதல் வருஷம் என் மனைவி அழாத குறை. மார்ச்சில் அதுவே துளிர்த்து வந்தது. அடுத்த குளிர்காலத்திலிருந்து துளசிக்கு மட்டும் இரவில் என் பழைய வேட்டியைப் போர்த்தி வைப்போம். பார்த்தவர்கள் சிரித்தார்கள், பிறகு அவர்களும் போர்த்தினார்கள்.

எல்லாவற்றையும்விடப் பெரிய தொல்லை கோரைப்புல். ஞாயிற்றுக்கிழமை காலை முழுவதும் குந்தி உட்கார்ந்து பிடுங்கிவிட்டு, சுத்தமாகிவிட்டது என்று கை கழுவுவேன். பத்து நாளில் மறுபடி ஊசி ஊசியாக நிற்கும். அடியில் கிழங்கு இருக்கிறது. அந்தக் கிழங்கிலிருந்து ஒரு நூல் போய் அடுத்த கிழங்கு, அதிலிருந்து அடுத்தது. மேலே பிடுங்கினால் ஆகாது. குர்ப்பியை ஆழமாக இறக்கிக் கிழங்கைத் தேடி எடுக்க வேண்டும். அப்போதும் ஒன்றிரண்டு தங்கிவிடும். பூஜை அறையில் உட்கார்ந்து கிடைக்காத அமைதி எனக்கு இந்தக் கிழங்கு தோண்டும் வேலையில் கிடைத்தது. உள்ளே இருக்கும் கிழங்குகளும் குறைந்துகொண்டு வருவதாகக்கூட நினைத்துக்கொண்டேன். எவ்வளவு பெரிய மயக்கம் என்று பின்னால் தெரிந்தது.

வாசல் ஓரத்தில் ஒரு பவழமல்லி மரம். நாங்கள் குடிபோகும்போதே இருந்தது. ஆள் உயரத்தைத் தாண்டியிருந்தது. இங்கே அதை ஹர்சிங்கார் என்பார்கள்; வங்காளிகளுக்கு ஷியூலி, அவர்கள் மாநிலத்தின் பூவே அதுதான். அந்தி சாய்ந்ததும் மலர்ந்து, விடியும்போது தானாக உதிர்ந்துவிடும். மற்றப் பூ கீழே விழுந்தால் சுவாமிக்கு ஆகாது என்போம். இந்தப் பூவுக்கு மட்டும் விலக்கு. புரட்டாசி, ஐப்பசியில் காலையில் கதவைத் திறந்தால் தரை முழுவதும் வெள்ளைப் பாய் விரித்து அதில் காவிப் புள்ளி வைத்த மாதிரி இருக்கும்.

2006 அக்டோபரில் ஒருநாள் காலை. கதவைத் திறக்கிறேன், கேட்டைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்து ஒரு வயதான அம்மாள் உட்கார்ந்து பூப் பொறுக்கிக்கொண்டிருந்தாள். அந்த வாரம்தான் யாரோ என் செம்பருத்தியைக் கிளையோடு ஒடித்திருந்தார்கள். அந்தக் கோபம் எல்லாம் இவள் மேல் வந்தது. எனக்குத் தெரிந்த இந்தியில் என்னென்ன கடுஞ்சொல் உண்டோ அத்தனையும் கேட்டேன். "இது உன் வீட்டுத் தோட்டமா?" என்றும் கேட்டேன். அவள் பதில் பேசவில்லை. பையிலிருந்த பூவைக் கொட்டவும் இல்லை. ஒவ்வொரு கைப்பிடியாக எடுத்து மரத்தடியில் வைத்தாள். முழங்காலைப் பிடித்துக்கொண்டு எழுந்து போய்விட்டாள். பிறகு வரவே இல்லை.

உள்ளேயிருந்து பார்த்துக்கொண்டிருந்த என் மனைவி, "ஏங்க, அந்த அம்மா பறிக்கலையே, பொறுக்கத்தானே செஞ்சாங்க?" என்றாள். பத்து மணிக்கு வாடிப்போகும் பூ. அன்று அவளே அதைத் துடைப்பத்தால் கூட்டிக் குப்பையில் போட்டாள்.

சில நாள் கழித்து, அந்தப் பகுதியில் பல வருஷமாக வேலை செய்துவந்த மாலியிடம் இந்த வீரப் பிரதாபத்தைச் சொன்னேன். அவன் சிரித்துக்கொண்டே சொன்னான்: உங்களுக்கு முன்னால் இங்கே இருந்த வங்காளிக் குடும்பத்து அம்மா வைத்த மரம் இது. அவர்கள் மாற்றலாகிப் போனபோது இடுப்பு உயரம்தான் இருந்தது. ஒரு பூக்கூட அவர்கள் பார்க்கவில்லை.

மண் அரசாங்கத்துடையது. மரம் யாரோ வைத்தது. பூ தானாக விழுந்தது. இதில் நான் எங்கே வந்தேன்?

திருமலையில் அனந்தாழ்வார் நந்தவனம் அமைத்த கதை உங்களுக்குத் தெரிந்ததுதான். ஸ்ரீரங்கத்தில் இராமாநுஜர் சபையில் கேட்கிறார்: வேங்கடவனுக்குப் பூத்தொண்டு செய்ய யார் போகிறீர்கள்? குளிர் மலை, காடு. ஒருவரும் வாய் திறக்கவில்லை. அனந்தாழ்வார் மட்டும் எழுந்து, கர்ப்பவதியான மனைவியையும் அழைத்துக்கொண்டு போகிறார். வேலைக்காக ஊரை விட்டுக் குளிர்ப் பிரதேசத்துக்குக் குடும்பத்தோடு வந்த நமக்கு அவரிடம் ஒரு சொந்தம் உண்டு. அவர் ஏரி வெட்ட, மனைவி மண் சுமக்கிறாள். ஒரு சிறுவன் வந்து நானும் சுமக்கிறேன் என்கிறான். கைங்கரியத்தில் பங்கு கேட்காதே என்று விரட்டுகிறார். அவன் மறைவாக அந்த அம்மாளுக்கு உதவ, கோபத்தில் கடப்பாரையை வீசுகிறார். சிறுவனின் மோவாயில் பட்டு ரத்தம். சந்நிதியில் பார்த்தால் பெருமாள் மோவாயில் ரத்தம். இன்றைக்கும் அங்கே பச்சைக் கற்பூரம் சாத்துகிறார்கள். கடப்பாரையும் பெரிய வாசலில் தொங்குகிறது.

இதைச் சொல்கிற பெரியவர்கள் அவருடைய பக்தியின் உறுதியைத்தான் சிலாகிப்பார்கள். நானும் அப்படித்தான் கேட்டு வளர்ந்தேன். ஆனால் அந்த அக்டோபருக்குப் பிறகு எனக்கு வேறு மாதிரி படுகிறது. தவறென்றால் மன்னிக்க வேண்டும். அவ்வளவு பெரிய பக்தருக்கே, மண் வெட்டிய கைக்கு, "இது நான் செய்வது" என்ற ஒரு கிழங்கு அடியில் தங்கியிருந்தது. பங்கு கேட்டு வந்தவர் யார் என்று பார்க்க அவருக்கு நேரமில்லை. எனக்கும் இருக்கவில்லை.

2014-இல் ஓய்வு பெற்று வீட்டைக் காலி செய்தேன். இப்போது துவாரகாவில் மூன்றாவது மாடி. பால்கனியில் பதினொரு தொட்டி. துளசி, கறிவேப்பிலை, ஒரு நந்தியாவட்டை. அது பூத்தால் நாளைக்கு நாலு பூ. அடுத்த தெருவில் ஒரு தரைத்தள வீட்டில் பவழமல்லி இருக்கிறது. பாதிக் கிளை மதிலுக்கு வெளியே. ருக்மிணி முற்றத்தில் உதிர்ந்த சத்யபாமாவின் பாரிஜாதம் மாதிரி, விழுகிற பூவில் பாதி தெருவில். பால் வண்டி வந்து நசுக்குவதற்கு முன்னால் போய்க் குனிந்து பொறுக்குகிறேன். கையில் பிளாஸ்டிக் பைதான். கேட் சத்தம் கேட்டால் இன்றும் மார்பு படபடக்கிறது. வீட்டுக்காரர் ஒருநாள் எட்டிப் பார்த்தார். நான் பையை மறைத்துக்கொண்டேன். அவர் ஒன்றும் சொல்லவில்லை, செய்தித்தாளை எடுத்துக்கொண்டு உள்ளே போனார்.

கிளையை ஒடிப்பவர்களை நான் ஆதரிக்கவில்லை. மொட்டைக் கிள்ளுவது பாவம்தான். அதைச் சொல்லத்தான் வேண்டும். ஆனால் மதிலுக்கு வெளியே போன கிளையும், தரையில் விழுந்த பூவும் கேட்காமலே எடுத்துக்கொள்ளக் கூடியவை என்று தரைத்தளத்து அன்பர்கள் வைத்துக்கொள்ளலாம். சிறு வயதில் எங்கள் கொல்லையில் தெருவே வந்து பூப் பறிக்கும். அம்மா ஒருநாளும் யார் என்று கேட்டதில்லை. கண்ணாடித் துண்டு பதிக்க இருக்கும் நண்பரை, கொத்தனாரை இந்த ஐப்பசி முடியும்வரை நிறுத்திவைக்கும்படி கேட்டுக்கொள்கிறேன்.

அந்தத் தெருமரத்தில் குளிர்காலத்தில் காய் முற்றும். தட்டையாக, வட்டமாக, ஒரு காயில் இரண்டு விதை. சென்ற வருஷம் பொறுக்கியது ஒரு டப்பா நிறைய இருக்கிறது. மார்ச்சில் ஊன்றினால் முளைக்கும். வேண்டுபவர்கள் சங்க அலுவலகத்தில் சொல்லிவைத்தால் கொண்டுவந்து தருகிறேன். மாற்றல் வரக்கூடிய உத்தியோகத்தில் இருப்பவர்களும் வாங்கிக்கொள்ளலாம்.