தேயிலைப் படத்தின் சங்கீதம்

தேயிலைக்கென்று ஒரு சங்கீதம் உண்டு என்றால் நேயர்கள் சிரிக்கக்கூடும். உண்டு, அதை அமைத்தவர் வால்டர் லீ என்னும் ஆங்கிலேயர்.

1934-ஆம் ஆண்டில் இலங்கைத் தேயிலைப் பிரசார சபையின் பணத்தில் 'இலங்கையின் கீதம்' என்ற விவரணப் படம் வெளிவந்தது. டைரக்டர் பேஸில் ரைட். தயாரிப்பாளர் ஜான் கிரியர்ஸன். விளம்பரப் படந்தானே, நாலு பிடில் வாசித்தால் ஆயிற்று என்று ஒதுங்கியிருக்கலாம். பெர்லினில் ஹிண்டெமித்திடம் பயின்ற லீ அப்படி ஒதுங்கவில்லை. வாத்தியத்தின் நாதம், மனிதர் பேச்சு, யந்திரத்தின் இரைச்சல் மூன்றையுமே சங்கீதமாகக் கொண்டார். ஓரிடத்தில் ஆலயமணி ஒலிக்கிறது. ஒரு பறவை எழும்பிப் பறக்கிறது. மணியின் நாதமும் பெருகிக்கொண்டே அதைப் பின்தொடர்கிறது. அந்த இடத்தைச் சொல்லி விளக்க இயலாது, கேட்க வேண்டும்.

ஆயினும் என்னை உலுக்கியது மூன்றாம் பாகம். அதன் பெயரே 'வர்த்தகத்தின் குரல்கள்'. திரையில் மலைச்சரிவில் பெண்கள் கொழுந்து பறிக்கிறார்கள். காதில் விழுவதோ தந்தியின் 'கட் கட்', சந்தை விலைகள், வியாபாரக் கடிதங்களின் வாசகம்! கண்ணுக்கு ஓர் உலகம், செவிக்கு வேறோர் உலகம். இரண்டையும் இணைத்து விளக்க ஒரு சொல்லும் இல்லை.

இப்படத்தை மாணவர்களுக்குக் காட்டினேன். கடைசி வரிசைப் பையன் ஒருவன் எழுந்து, "ஸார், விலை சொல்கிறாரே, அது அந்த அம்மாக்களுக்குக் கேட்குமா?" என்றான். "கேட்காது, அப்பா" என்று சொல்லி, மேலே பேச நாவெழாமல் நின்றேன். அத்தோட்டங்களில் உழைத்தோரில் மிகப் பெரும்பாலோர் நம் தமிழ்நாட்டிலிருந்து போனவர்கள் என்பதை அவனுக்குப் பிறகுதான் சொன்னேன்.

படத்தின் வர்ணனை முழுவதும் ராபர்ட் நாக்ஸ் 1681-இல் வெளியிட்ட நூலிலிருந்து எடுத்தது. கொழும்பு நகரத்துக் கலைஞர் லயனல் வெண்ட் அதை அழகாகவே வாசிக்கிறார். ஆனால் இலங்கையில் தேயிலைப் பயிர்த்தொழில் தொடங்கியது 1867-இல்! தோட்டத் தமிழரைப் பற்றி நாக்ஸ் எவ்விதம் பேசுவார்? வர்ணனை மௌனம் சாதித்த அவ்விடத்தில், லீயின் ஒலிகளே உண்மையைக் கசியவிட்டன. சபையார் இதைக் கவனித்தார்களோ இல்லையோ, 1935-இல் பிரஸ்ஸல்ஸ் நகரத்தில் படம் முதற்பரிசு பெற்றது.

லீ 1942-இல் லிபியப் போர்க்களத்தில் மடிந்தார். அப்போது அவருக்கு வயது 36.