விளக்கை அணைத்தால் பிழைக்கும் பாஸம்! - ஆஸ்திரேலியப் பனிமலையின் குட்டி பைம்மா

வயிற்றுப் பையில் குட்டியைச் சுமக்கும் விலங்கு எது என்று கேட்டால், எல்லோரும் சட்டென்று சொல்லும் பதில் கங்காரு. கொஞ்சம் யோசித்தால் கோலாவும் நினைவுக்கு வரும். ஆனால், பைம்மா என்று சொல்லப்படும் இந்தக் குடும்பத்தில் 300-க்கும் அதிகமான இனங்கள் இருக்கின்றன. அவற்றில் பலருக்கும் பெயரே தெரியாத ஒன்றுதான் 'மவுன்டன் பிக்மி பாஸம்'.

இதன் எடை சுமார் 45 கிராம். ஒரு கோழி முட்டையைவிடக் குறைவு! உடலைவிட வால் நீளம். எலி போலத் தெரிந்தாலும் எலிக்கும் இதற்கும் உறவில்லை. தாயின் பையில் பால் காம்புகள் நான்கே நான்கு என்பதால், ஒரு பிரசவத்தில் அதிகபட்சம் நான்கு குட்டிகளே பிழைக்கும்.

புதைபடிவம் உயிரோடு வந்தது!

1890-களில் ராபர்ட் புரூம் என்ற மருத்துவர், நியூ சவுத் வேல்ஸில் கிடைத்த பழைய எலும்புகளை வைத்து இந்த விலங்கை உலகுக்கு அறிமுகம் செய்தார். எப்போதோ அழிந்துபோன இனம் என்றே அனைவரும் நம்பினார்கள். 1966-ல் விக்டோரியா மாநிலத்தின் ஹோத்தம் மலையில், பனிச்சறுக்குக்காரர்கள் தங்கும் விடுதியில் ஒரு குட்டி விலங்கு பிடிபட்டது. பார்த்தால்... அதே பாஸம்!

ஆஸ்திரேலியப் பாலூட்டிகளில் பனிமலை உச்சிகளில் மட்டுமே வாழ்வது இது ஒன்றுதான். கோசியஸ்கோ, ஹோத்தம்-போகாங், புல்லர் ஆகிய மூன்று மலைப்பகுதிகளைத் தவிர வேறெங்கும் இல்லை. பாறைக் குவியல்களின் இடுக்குகள்தான் வீடு. குளிர்காலத்தில் பல மாதங்கள் உறங்கும். அப்போது உடல் வெப்பம் 2 டிகிரி செல்சியஸ் அளவுக்கு இறங்கிவிடும். மேலே படியும் பனிதான் இதற்குப் போர்வை. பனி குறைந்தால் கடுங்குளிர் நேராக பாறைக்குள் இறங்கும். புவி வெப்பமடைதல் இந்தப் போர்வையைத்தான் உருவிக்கொண்டிருக்கிறது.

சாலைக்கு அடியில் 'காதல் சுரங்கம்'

பெண் பாஸங்கள் மலை உச்சியிலும், ஆண்கள் சற்றுக் கீழேயும் வசிக்கும். இனப்பெருக்கக் காலத்தில் ஆண்கள் மேலே வரும், முடிந்ததும் இறங்கிவிடும். ஹோத்தம் பகுதியில் போடப்பட்ட சாலை இந்தப் பாதையை வெட்டியது. ஆண்கள் கீழே போக முடியாமல் அங்கேயே தங்க, இருக்கும் உணவுக்கும் இடத்துக்கும் போட்டி அதிகமானது. 1980-களில் சாலைக்கு அடியில் பாறைகள் நிரப்பிய சுரங்கப்பாதை அமைத்தார்கள். ஆண்கள் மறுபடி போய்வரத் தொடங்கின. அதற்குக் கிடைத்த செல்லப்பெயர்தான் 'காதல் சுரங்கம்'.

புல்லர் மலையில் வேறு சிக்கல். எண்ணிக்கை மிகவும் சரிந்து, நெருங்கிய உறவுக்குள்ளேயே இனப்பெருக்கம் நடந்தது. 2010-களின் தொடக்கத்தில் ஹோத்தமிலிருந்து ஆண் பாஸங்களைக் கொண்டுவந்து விட்டார்கள். புது ரத்தம் சேர, அடுத்த தலைமுறை திடமாகப் பிறந்தது, எண்ணிக்கையும் ஏறியது.

பூச்சி வரவில்லை... குட்டிகள் பிழைக்கவில்லை

தூங்கி எழும் பாஸத்துக்கு முக்கிய உணவு, போகாங் அந்துப்பூச்சி. குயின்ஸ்லாந்து, நியூ சவுத் வேல்ஸ் சமவெளிகளிலிருந்து இவை ஒவ்வொரு வசந்தகாலத்திலும் 1,000 கி.மீ வரை பறந்து மலைக்கு வரும். நட்சத்திரங்களும் பூமியின் காந்தப்புலமும்தான் வழிகாட்டி. உடல் முழுக்கக் கொழுப்பு என்பதால் பால் கொடுக்கும் தாய்க்கு அருமையான ஆகாரம்.

ஒருகாலத்தில் கோடிக்கணக்கில் வந்த கூட்டம், 2017-ல் தொடங்கிய கடும் வறட்சியில் திடீரென்று காணாமல் போனது. வறண்ட நிலத்தில் புழுக்களுக்குத் தீனி இல்லை. 2018-ல் மலைக்குச் சென்ற ஆய்வாளர்கள், தாய்களின் பைக்குள்ளேயே குட்டிகள் இறந்துகிடப்பதைக் கண்டார்கள். 2021-ல் போகாங் பூச்சியே அழியும் ஆபத்திலுள்ள உயிரினங்களின் பட்டியலில் சேர்க்கப்பட்டது. பிறகு பெய்த மழையில் பூச்சிகள் ஓரளவு திரும்பின. ஆனாலும் பழைய கூட்டம் இல்லை. இன்று காட்டில் இருக்கும் பாஸங்கள் சுமார் 2,000 மட்டுமே என்பது மதிப்பீடு.

அந்துப்பூச்சிக்கு ஈடான சத்துகளுடன் 'போகாங் பிஸ்கட்' தயாரித்திருக்கிறார்கள். 2019-20 காட்டுத்தீக்குப் பிறகு கோசியஸ்கோ பகுதியில் அதைத் தீவன டப்பாக்களில் வைத்தார்கள். ஆனால், எல்லா மலையிலும் எல்லா வருடமும் பிஸ்கட் ஊட்ட முடியாதே!

அதனால்தான் விக்டோரியாவின் உயிரியல் பூங்கா அமைப்பு மக்களிடம் ஓர் எளிய வேண்டுகோள் வைக்கிறது. செப்டம்பர், அக்டோபர் மாதங்களில் வீட்டுக்கு வெளியே எரியும் தேவையற்ற விளக்குகளை அணைத்துவிடுங்கள் என்பதே அது. நகர வெளிச்சத்தில் மயங்கும் பூச்சிகள், அங்கேயே சுற்றிச் சுற்றி மலைக்குப் போகாமல் நின்றுவிடுகின்றன. கான்பெராவின் நாடாளுமன்றக் கட்டடத்தையே மொய்த்த பூச்சி இது. வழியில் கண்ட பூச்சியைப் படம் பிடித்து 'மோத் டிராக்கர்' இணையதளத்தில் பதிவு செய்யவும் கேட்கிறார்கள்.

மழையையும் பனியையும் வரவழைப்பது யார் கையிலும் இல்லை. வாசல் விளக்கின் சுவிட்ச் மட்டும் கைக்கெட்டும் தூரத்தில்தான் இருக்கிறது!